பெருங்கால் பல்லி: கோதாவரிப் பள்ளத்தாக்கு தந்த ஆதித் தாவர உண்ணி

கொருக்குப்பேட்டை ரயில்வே கேட் மூடியிருக்கும் நேரங்களில், மீன் கூடையோடும் பள்ளிப் பையோடும் சைக்கிளோடும் காத்து நிற்கும் வடசென்னை மக்களின் கண்முன்னே ஒவ்வொரு நாளும் எத்தனையோ நெடுந்தூர ரயில்கள் கடந்து போகின்றன. அவற்றுள் டெல்லிக்குச் செல்லும் கிராண்ட் டிரங்க் எக்ஸ்பிரஸும் தமிழ்நாடு எக்ஸ்பிரஸும் கூடூர், விஜயவாடா, வாரங்கல் வழியாக வடக்கே போய், மஞ்சேரியல் நகரை நெருங்கும்போது கோதாவரியைக் கடக்கின்றன. அந்தப் பாலத்துக்குக் கிழக்கே, பிராணஹிதா ஆறு வந்து கோதாவரியில் கலக்கும் இடத்தைச் சுற்றியுள்ள மணற்கல்லும் களிமண்ணும் கலந்த பாறைகளிலிருந்துதான், உலகின் மிகப் பழைய நாற்கால் தாவர உண்ணி டைனோசர்களுள் ஒன்றான பாரபாசாரஸின் எலும்புகள் கிடைத்தன. அது வாழ்ந்த காலம் இன்றைக்குச் சுமார் 19 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய ஜுராசிக் தொடக்கம்.

டைனோசர் என்றதும் நம் பிள்ளைகளின் நினைவுக்கு வருவது டைரனோசாரஸ் என்ற அமெரிக்கக் கொடும்பல் விலங்கு. தமிழ்நாட்டு டைனோசர் பற்றிக் கேள்விப்பட்டவர்கள், அரியலூர்ப் பக்கம் கல்லமேட்டில் கிடைத்துப் பின்னர் சிதைந்து இல்லாமல் போன மாபெரும் எலும்புகளைச் சொல்வார்கள். இரண்டுமே டைனோசர் யுகத்தின் கடைசிக் கட்டத்தைச் சேர்ந்தவை. கதையின் முடிவுக்கு அருகில் வருகிற அவற்றைவிட, கதை எப்படித் தொடங்கியது என்பதைக் காட்டும் பாரபாசாரஸே நம்மிடம் அதிகம் பேசக்கூடிய விலங்கு என்பது என் உறுதியான எண்ணம். இலை தழையைத் தின்று ஓர் உயிரினம் எப்படி மலைபோல் பெருத்தது என்ற கேள்விக்கான விடையின் முதல் வரிகள் அதன் எலும்புகளில் எழுதப்பட்டிருக்கின்றன.

அந்த வரிகளைப் படிக்கும் முன், நம் பகுதியில் பரவலாக நிலவும் ஒரு தவறான எண்ணத்தைத் திருத்திக்கொள்ள வேண்டும். தண்டையார்பேட்டையில் மாலை வேளைகளில் என்னிடம் பாடம் படிக்க வரும் பிள்ளைகளில் ஒருவன், "சார், மணலியில டைனோசரைக் காய்ச்சித்தான் பெட்ரோல் எடுக்கிறாங்களா?" என்று கேட்டான். சுத்திகரிப்பு ஆலையின் தீச்சுடரை மொட்டை மாடியிலிருந்து பார்த்து வளர்கிற பிள்ளைக்கு அந்தக் கேள்வி எழுவது இயல்பு. கச்சா எண்ணெய் பெரும்பாலும் பழங்கடல்களில் மிதந்து வாழ்ந்த நுண்ணுயிர்களின் உடல்கள் சேற்றோடு படிந்து, அழுத்தத்திலும் வெப்பத்திலும் மாறியதால் உண்டானது. எண்ணூர் வட்டாரத்து அனல்மின் நிலையங்களில் எரியும் ஒடிசா நிலக்கரியோ, டைனோசர்கள் தோன்றுவதற்கு முன்பே, பெர்மியன் காலத்துச் சதுப்புக் காடுகளில் வளர்ந்த தாவரங்களின் எச்சம். கோதாவரிப் பள்ளத்தாக்கிலும் சிங்கரேணி நிலக்கரியாக அதே காலத்துப் படிவுகள் இருக்கின்றன. பாரபாசாரஸ் அங்கே நடமாடியபோது அந்த நிலக்கரி ஏற்கெனவே அதன் காலடியில் ஆழத்தில் புதைந்து கிடந்தது.

அந்தப் பள்ளத்தாக்கின் அமைப்பே இந்தக் கதைக்கு அடிப்படை. தென் அமெரிக்கா, ஆப்பிரிக்கா, அண்டார்க்டிகா, ஆஸ்திரேலியா ஆகியவற்றோடு இந்தியா ஒட்டியிருந்த கோண்டுவானா காலத்தில், நிலம் பிளவுபட்டு நீளவாக்கில் தாழ்ந்த ஒரு பள்ளமாக அது உருவானது. தாழ்ந்த நிலத்தில் ஆறுகள் மணலையும் வண்டலையும் கொண்டுவந்து கோடிக்கணக்கான ஆண்டுகள் கொட்டின. அடியில் நிலக்கரி அடுக்குகள், அவற்றுக்கு மேலே டிரையாசிக் காலத்து மலேரி அடுக்கு, அதன்மேல் தர்மாரம் அடுக்கு, அதற்கும் மேலே ஜுராசிக் காலத்துக் கோட்டா அடுக்கு என்று பாறைகள் படிப்படியாக அமைந்துள்ளன. மலேரி, தர்மாரம், கோட்டா ஆகிய மூன்றிலும் தாவர உண்ணி டைனோசர்களின் எலும்புகள் கிடைத்திருக்கின்றன. மலேரி அடுக்கின் மேற்பகுதியில் கிடைத்தவை நம்பாலியா, ஜக்லபள்ளிசாரஸ் என்ற சிறிய விலங்குகள். 2011இல் அவற்றுக்குப் பெயர் சூட்டப்பட்டது. தர்மாரம் அடுக்கில் கிடைத்த லாம்ப்ளக்சாரா அவற்றைவிடப் பெரியது. அது 2007இல் பெயர் பெற்றது. கோட்டா அடுக்குக்கு வந்தால் பாரபாசாரஸும் அதன் உறவினமான கோட்டாசாரஸும் நிற்கின்றன. ஒரே பள்ளத்தாக்கில், கீழிருந்து மேலாக, உடல் பெருத்துக்கொண்டே வருவதைக் காண முடிகிறது.

கோட்டா அடுக்கின் சுண்ணாம்புக் கற்களில் மீன்களின் புதைபடிவங்கள் இருப்பது 19ஆம் நூற்றாண்டிலேயே தெரிந்திருந்தது. ஆயினும் பெரிய விலங்குகளைத் தேடும் முறையான பணி, இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தின் நிறுவனர் பிரசாந்த சந்திர மகலனோபிஸ், லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியைச் சேர்ந்த பமீலா ராபின்சனைக் கொல்கத்தாவுக்கு அழைத்ததிலிருந்து தொடங்கியது. 1957இல் அந்த நிறுவனத்தில் புவியியல் ஆய்வுப் பிரிவு உருவானது. கணக்கும் தரவும் ஆளும் ஒரு நிறுவனத்தில் எலும்பு தோண்டும் பிரிவு எதற்கு என்று இன்று வியப்பாகத் தோன்றலாம். அளவிடக்கூடிய எல்லாமே புள்ளியியலுக்கு உரியது என்று கருதிய மகலனோபிஸுக்கு அது பொருத்தமாகவே பட்டது. புதிதாக விடுதலை பெற்ற ஒரு நாடு தன் மண்ணின் தொல்லுயிர்களைத் தானே தோண்டி, தானே ஆராய்ந்து, தன் நாட்டிலேயே வைத்துக்கொள்ள வேண்டும் என்ற முனைப்பும் அந்த முயற்சியில் தெரிகிறது. அதை நான் பெருமையோடு நினைக்கிறேன்.

1958இல் முதல் எலும்புகள் தென்பட்டன. 1960, 1961ஆம் ஆண்டுகளில் போச்சம்பள்ளி என்ற கிராமத்துக்கு அருகே பெரும்பகுதி தோண்டியெடுக்கப்பட்டது. (சேலைக்குப் பெயர்போன போச்சம்பள்ளியும், நம் கிருஷ்ணகிரிப் போச்சம்பள்ளியும் வேறு.) சுமார் 276 சதுர மீட்டர் பரப்பில், அதாவது ஒரு கிரவுண்டைவிடக் கொஞ்சம் கூடுதலான இடத்தில், ஏறக்குறைய 300 எலும்புகள் சிதறிக் கிடந்தன. குறைந்தது ஆறு விலங்குகளின் எலும்புகள் அவை. தொடக்கத்திலேயே வெளிவந்த ஒரு தொடையெலும்பு 1.7 மீட்டர் நீளம் இருந்தது. வளர்ந்த ஓர் ஆணின் உயரம். 'பரா' என்றால் பெரிய, 'பா' என்றால் கால் என்று வங்கமொழியில் பொருள். அந்தக் காலை வைத்தே 'பெருங்கால் பல்லி' என்று பொருள்படும்படி பாரபாசாரஸ் என்ற பெயர் பிறந்தது. 1961 ரவீந்திரநாத் தாகூரின் நூற்றாண்டு என்பதால், இனப்பெயராக 'தாகோரை' என்பது சேர்க்கப்பட்டது. சோகன் லால் ஜெயின், டி. எஸ். குட்டி, தபன் ராய்சௌத்ரி, சங்கர் சாட்டர்ஜி ஆகியோர் 1975இல் அந்தப் பெயரை முறைப்படி வெளியிட்டார்கள்.

இனி அந்த உடலைப் பார்ப்போம். முழு வளர்ச்சியடைந்த பாரபாசாரஸ் மூக்கிலிருந்து வால்நுனி வரை சுமார் 14 மீட்டர் இருந்திருக்கும் என்று கணிக்கப்படுகிறது. மாநகரப் பேருந்து ஒன்றைவிடச் சற்று நீளம்; காசிமேட்டில் கட்டிக் கிடக்கும் நடுத்தர விசைப்படகு அளவு. ஆனால் அதன் முன்னோர் வரிசையில் பின்னோக்கிப் போனால், 23 கோடி ஆண்டுகளுக்கு முன் அர்ஜென்டினாவில் வாழ்ந்த, நாய் அளவே இருந்த ஈயோராப்டர் போன்ற விலங்குகளிடம் போய்ச் சேர்வோம். அவை இரண்டு காலில் ஓடியவை. கைகள் பிடிப்பதற்குப் பயன்பட்டன. இடையில் ஜெர்மனியில் கிடைத்து 1837இலேயே பெயர் பெற்ற பிளேட்டியோசாரஸ் போன்றவை வருகின்றன. அவற்றுக்குக் கழுத்து நீண்டிருந்தது, வயிறு பெருத்திருந்தது, ஆனாலும் அவை பின்னங்கால்களை ஊன்றியே நடந்தன. இரண்டு காலில் நடந்த இந்த மரபு நான்கு காலுக்கு மாறியதுதான் பாரபாசாரஸில் நாம் காணும் பெரிய திருப்பம்.

ஏன் மாற வேண்டும்? ஒரு விலங்கின் நீளம் இரண்டு மடங்கானால், வடிவம் மாறாத வரையில், அதன் எடை எட்டு மடங்காகிறது. எடையைத் தாங்கும் கால் எலும்பின் குறுக்குவெட்டுப் பரப்போ நான்கு மடங்கு மட்டுமே கூடுகிறது. ஆகவே உடல் பெருக்கப் பெருக்க, எலும்பு ஒவ்வொன்றின் மீதும் விழும் சுமை அதற்குத் தாங்கும் வலுவைவிட விரைவாகக் கூடுகிறது. இதற்கு இயற்கை கண்ட வழி, சுமையை நான்கு கால்களுக்குப் பிரித்துக் கொடுப்பதும், கால்களை மடக்கி வைக்காமல் தூண்போல நேராக நிறுத்துவதும். யானையின் கால்களில் நாம் பார்ப்பதும் இதே ஏற்பாடு. பாரபாசாரஸின் தொடையெலும்பு நேரானது. தொடை நீண்டும் அதற்குக் கீழேயுள்ள எலும்புகள் குட்டையாகவும் இருக்கின்றன. இத்தகைய காலால் ஓட முடியாது. நிதானமாக நடக்கலாம், நெடுநேரம் நிற்கலாம்.

இடுப்பிலும் இந்த மாற்றத்தின் தடம் இருக்கிறது. இடுப்பெலும்போடு இணையும் முள்ளெலும்புகள் முந்தைய உறவினங்களில் மூன்றாக இருந்தன. பாரபாசாரஸில் நான்கு ஒன்றாக இறுகிக் கூடியிருக்கின்றன. முதுகின் சுமை கால்களுக்கு இறங்கும் இடம் அதுதான் என்பதால், ஓர் எலும்பு கூடுதலாகச் சேர்ந்தது பெரிய பலம். இந்த இனத்துக்கு வகைமாதிரியாக, அதாவது இனத்தை அடையாளப்படுத்தும் மூல மாதிரியாக, ஆய்வாளர்கள் தேர்ந்தெடுத்ததும் இந்த இடுப்பு முள்ளெலும்புத் தொகுதியைத்தான்.

என்னை மிகவும் ஈர்ப்பது, பாரபாசாரஸிடம் இல்லாத ஒன்று. நீண்ட கழுத்தும் தூண் போன்ற நான்கு கால்களும் கொண்ட இந்தத் தாவர உண்ணி மரபைச் சாரோபாட் என்பார்கள். பிற்காலத்து மாபெரும் சாரோபாட் டைனோசர்களின் கழுத்து, முதுகு எலும்புகள் உள்ளே குடைந்து காற்றறைகள் நிறைந்தவை. பறவைகளுக்கு இருப்பதுபோல நுரையீரலிலிருந்து கிளைத்த காற்றுப்பைகள் எலும்புக்குள் புகுந்ததால், பத்து மீட்டர் கழுத்தைக்கூட அவற்றால் தூக்கி நிறுத்த முடிந்தது. பாரபாசாரஸின் முள்ளெலும்புகளில் பக்கவாட்டில் ஆழமில்லாத குழிவுகள் மட்டுமே உள்ளன. எலும்பின் உட்பகுதி பெரும்பாலும் திடமாகவே இருக்கிறது. ஆக, உடல் பெருத்தது முதலில், எலும்பு இலகுவானது பிறகு. இலகுவான எலும்பு வாய்த்ததால்தான் இவை பெருத்தன என்று எளிதாகச் சொல்லிவிடும் விளக்கத்தை இந்த ஒரு விலங்கு மறுத்து நிற்கிறது. தூணான கால்களும் இறுகிய இடுப்பும் முதலில் வந்தன. அந்த அடித்தளத்தின் மேல்தான் மற்றவை ஒவ்வொன்றாகச் சேர்ந்தன. முடிந்துபோன கட்டடத்தைப் பார்த்து எது முன், எது பின் என்று சொல்ல முடியாது; பாதி எழும்பிய கட்டடம்தான் அதைச் சொல்லும்.

பற்களும் பாதி வழியில் நிற்பவையே. மொத்தம் ஒரு சில பற்களே கிடைத்தன. முழுமையானவற்றுள் பெரியது 5.8 சென்டிமீட்டர். வடிவம் கரண்டி போன்றது, இது சாரோபாட்களின் பொதுவான அடையாளம். ஆனால் பல்லின் விளிம்புகளில் முரட்டுப் பற்கூர்கள் இருக்கின்றன. இது முன்னோரின் இலை வடிவப் பற்களிலிருந்து மிச்சமாக வந்தது. இந்தப் பல்லால் இலையைப் பறிக்கவும் கிள்ளவும் முடியும், அரைக்க முடியாது.

அரைக்காததுதான் இந்த மரபின் பெரும் வெற்றிக்கு வழி வகுத்தது என்று இன்று பல ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். யானை தன் தீனியைக் கடைவாய்ப் பற்களால் அரைத்து விழுங்குகிறது. அதற்கு கனத்த பற்கள், கனத்த தாடை, அவற்றை இயக்கப் பெரிய தசைகள் வேண்டும்; அத்தனையும் சேர்ந்து தலை கனத்துவிடுகிறது. கனத்த தலையை நீண்ட கழுத்தின் நுனியில் தூக்க முடியாது என்பதால்தான் யானைக்குத் துதிக்கை தேவைப்பட்டது. மெல்லாமல் விழுங்கிய சாரோபாட்களுக்குச் சிறிய தலையே போதுமாக இருந்தது. தலை சிறியதானதால் கழுத்து நீள முடிந்தது. கழுத்து நீண்டதால், பல டன் எடையுள்ள உடலை அடிக்கடி நகர்த்தாமல், நின்ற இடத்திலிருந்தே சுற்றிலும் மேய முடிந்தது. மெல்லாமல் விழுங்கிய தழையைச் செரிக்கும் வேலை பெரிய பீப்பாய் போன்ற வயிற்றுக்கும், அதற்குள் வாழ்ந்த நுண்ணுயிர்களுக்கும் போனது. நம் வீட்டில் மாவு புளிக்க நேரம் வேண்டும் என்பதுபோல, அந்தத் தழை நொதிக்கவும் நேரம் வேண்டும். வயிறு எவ்வளவு பெரிதோ அவ்வளவு நாள் தீனி உள்ளே தங்கும். எவ்வளவு நாள் தங்குகிறதோ அவ்வளவு சத்து பிரியும். ஆகவே பெருப்பதே செரிப்பதற்கான வழியாகவும் ஆயிற்று.

அப்படி எதைத் தின்றது? அந்தக் காலத்தில் புல் கிடையாது, பூக்கும் தாவரங்களும் பரவியிருக்கவில்லை. ஊசியிலை மரங்கள், பெரணிகள், குதிரைவாலித் தாவரங்கள் (நாம் சமைக்கும் குதிரைவாலித் தானியம் வேறு), சைக்கஸை ஒத்த தோற்றமுடைய பென்னெட்டிட்டேல்ஸ் வகைகள் ஆகியவையே தழை தந்தன. டிசம்பர் வந்தால் மாதவரம் பக்கத்து நாற்றுப் பண்ணைகளிலும் ராயபுரத்து வீட்டு வாசல்களிலும் தொட்டிகளில் நிற்கும், நாம் கிறிஸ்துமஸ் மரம் என்று அழைக்கும் அராவ்கேரியா அந்தப் பழங்காலக் குடும்பத்தின் வாரிசு. அந்தக் கூரான, விறைத்த இலைகளைத் தொட்டுப் பார்த்தவர்கள், இதைத் தின்று ஒரு விலங்கு பெருத்திருக்குமா என்று ஐயுறுவார்கள். 2008இல் ஜெர்மன் ஆய்வுக் குழு ஒன்று இதைச் சோதித்தது. பழைய வகைத் தாவரங்களின் இன்றைய வாரிசுகளை ஆட்டின் இரைப்பைச் சாற்றில் ஊறவைத்து, எவ்வளவு வாயு பிறக்கிறது என்று அளந்தார்கள். குதிரைவாலித் தாவரம் நன்றாக நொதித்தது. அராவ்கேரியா தொடக்கத்தில் மந்தமாக இருந்து, நாள் செல்லச் செல்ல நல்ல அளவு சத்தை வெளிவிட்டது. சைக்கஸும் மரப்பெரணியும் அவ்வளவாகத் தேறவில்லை. தீனியை நாள்கணக்கில் வயிற்றில் வைத்திருக்கக்கூடிய விலங்குக்கு அராவ்கேரியா உகந்த உணவு என்பது இதிலிருந்து விளங்குகிறது.

பென்னெட்டிட்டேல்ஸ் வகையைச் சேர்ந்த டிலோபில்லம் என்ற தாவரத்தின் இலைத் தடங்களைக் காண நாம் கோதாவரி வரை போக வேண்டியதில்லை. ஸ்ரீபெரும்புதூர் வட்டாரத்துக் களிப்பாறைகளில் அவை பதிந்திருக்கின்றன. 1870களில் ராபர்ட் புரூஸ் ஃபுட் பாலாற்றுக்கு வடக்கே உள்ள பாறைகளை ஆராய்ந்து எழுதினார். அந்தப் பாறைகள் பாரபாசாரஸின் காலத்துக்குப் பிந்தியவை, தொடக்கக் கிரீட்டேசியஸ் காலத்தவை. ஆயினும் அந்த இலையின் சாயல் நம் ஊருக்கு இத்தனை அருகில் கல்லில் நிற்கிறது என்பது எனக்கு மகிழ்ச்சி தருகிறது.

எலும்புகள் கிடந்த நிலை அந்த விலங்குகளின் முடிவையும் சொல்கிறது. அவற்றோடு பெரிய மரத்தண்டுகளும் கல்லாகிக் கிடந்தன. சில எலும்புகள் மூட்டு விலகாமல் இருந்தன, பல சிதறியிருந்தன. ஒரு பெருவெள்ளத்தில் கூட்டம் ஒன்று மாண்டு, வேரோடு சாய்ந்த மரங்களோடு உடல்கள் அடித்துவரப்பட்டு ஓரிடத்தில் ஒதுங்கியிருக்க வேண்டும் என்பது ஆய்வாளர்களின் விளக்கம். கொசஸ்தலையாற்றில் வெள்ளம் வடிந்தபின் முகத்துவாரத்தில் கட்டையும் மரமும் எப்படிக் குவிந்து கிடக்கும் என்று எண்ணூர்க்காரர்களுக்குத் தெரியும். அந்தக் காட்சியை மனத்தில் வைத்துக்கொண்டால் போதும்.

அதே வெள்ளம்தான் மண்டையோட்டையும் கொண்டு போயிருக்க வேண்டும். சாரோபாட்களின் தலையெலும்புகள் மெல்லியவை, தளர்வாக இணைந்தவை. உடல் அழுகியதும் முதலில் பிரிந்து போவது தலை. தெலங்கானாவில் யாமன்பள்ளி அருகே 1970களின் பிற்பகுதியில் வெளிப்பட்ட கோட்டாசாரஸுக்கும் இதே நிலைதான். குறைந்தது 12 விலங்குகளின் 840 எலும்புப் பகுதிகள் கிடைத்தும், தலையிலிருந்து கிடைத்தவை இரண்டு பற்கள் மட்டுமே. 1988இல் பி. யாதகிரி அதற்குப் பெயரிட்டார். சுமார் 9 மீட்டர் நீளமுள்ள அந்த விலங்கு, பாரபாசாரஸைவிடப் பழைய சாயல் மிகுந்தது. அதன் எலும்புக்கூடு ஹைதராபாத் பிர்லா அறிவியல் மையத்தில் நிற்கிறது.

இந்த இரண்டும் தனித்து வாழ்ந்தவை அல்ல. ஜிம்பாப்வேயின் வல்கனோடான் போன்ற உறவினங்கள் கோண்டுவானாவின் வேறு பகுதிகளில் ஏறக்குறைய அதே காலத்தில் இருந்தன. நடுவே கடல் இல்லாததால் நடந்தே பரவ முடிந்தது. அவற்றோடு பழைய பாணித் தாவர உண்ணிகளும் பலவாக மேய்ந்துகொண்டிருந்தன. பிறகு, சுமார் 18.3 கோடி ஆண்டுகளுக்கு முன், இன்றைய தென்னாப்பிரிக்கா, அண்டார்க்டிகா பகுதிகளில் எரிமலைக் குழம்பு பெருமளவில் பீறிட்டு, புவி சூடேறி, தாவரங்களின் சேர்க்கை மாறியது. மென்மையான தழைகள் குறைந்து, விறைத்த இலை கொண்ட ஊசியிலை மரங்கள் ஓங்கின. பழைய பாணித் தாவர உண்ணிகள் அந்த மாற்றத்தைத் தாண்டவில்லை. வலுவான பல்லும் பெரிய வயிறும் கொண்ட நாற்கால் மரபு தாண்டியது. அடுத்த பத்துக் கோடி ஆண்டுகளுக்கு மேல் உலகின் பெருந்தாவர உண்ணிகள் அந்த மரபிலிருந்தே வந்தன.

பாரபாசாரஸின் எலும்புக்கூட்டை நேரில் காண விரும்புவோர் கொல்கத்தாவில் பாரக்பூர் டிரங்க் சாலையிலுள்ள இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தின் புவியியல் அருங்காட்சியகத்துக்குப் போகலாம். வங்கத்துக்குப் போகும் கோரமண்டல் எக்ஸ்பிரஸும் இதே கொருக்குப்பேட்டை வழியாகத்தான் செல்கிறது. பல விலங்குகளின் எலும்புகளைச் சேர்த்து ஒரே உருவமாக நிறுத்தியிருக்கிறார்கள். பாரபாசாரஸ் என்று படங்களில் வரையப்படும் தலை மட்டும் அந்தச் சில பற்களையும் உறவினங்களின் சாயலையும் வைத்து ஊகித்தது. அதன் மண்டையோடு இன்னும் கோட்டா அடுக்கிலிருந்து வெளிவரவில்லை.